முதல் விசில் என்னுடையது

தம்பி, அன்றைக்கு அந்தத் தியேட்டரில் முதல் விசில் அடித்தது செல்வம் அங்கிள் இல்லை, நான்தான். எட்டு மாதமாக நீ அந்த மனிதரிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. புது வீட்டுக்குப் பால் காய்ச்சியபோது உன்னைத் தனியாக ஃபோன் போட்டுக் கூப்பிட்டாராம், நீ வேலை இருக்கிறது என்று சொல்லிவிட்டாயாம். அவரும் பாவம், என் மானத்தைக் காப்பாற்றுகிறேன் என்று பழியைத் தன் தலையில் போட்டுக்கொண்டு சும்மா இருந்துவிட்டார். தூத்துக்குடியில் தரை டிக்கெட்டில் உட்கார்ந்து, நாக்கை மடக்கி இரண்டு விரலை வைத்துப் பழகிய விசில் அது. இத்தனை வருஷம் நியூஜெர்சியில் மீட்டிங் மீட்டிங்காக வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்ததில் மறந்துபோயிருக்கும் என்றுதான் நினைத்திருந்தேன். நீ கதவைத் தள்ளிக்கொண்டு மேடைக்கு வந்த நொடியில் அது தானாக வந்துவிட்டது.

இந்தக் கடிதத்தை நம் சங்கத்தின் பொங்கல் மலரில் போடக் கொடுத்திருக்கிறேன். "வீட்டு விஷயத்த எதுக்குங்க ஊரு பூரா தண்டோரா போடுறீங்க?" என்று உன் அம்மா சத்தம் போட்டாள். நான் பொய்யை ஊரைக் கூட்டித்தான் சொன்னேன். உண்மையை மட்டும் உன் காதில் ரகசியமாகச் சொன்னால் அது என்ன நியாயம்? மலர் அச்சாகி வரும்போது நீ இத்தாலியில் இருப்பாய். அதனால் வருகிற வியாழக்கிழமை நுவார்க் ஏர்போர்ட்டில் இந்தக் கடிதத்தின் ஒரு நகலை உன் கையிலேயே தந்துவிடுகிறேன். ஞாயிற்றுக்கிழமை தமிழ்ப் பள்ளிக்கு ஏழு வருஷம் அழுதுகொண்டே போனாயே, அந்தப் புண்ணியத்தில் எழுத்துக் கூட்டியாவது படித்துவிடுவாய். விமானத்தில் எட்டு மணி நேரம் இருக்கிறது, அவசரமில்லை. இங்கிலீஷில் எழுதியிருக்கலாம்தான். ஆனால் எனக்கு இங்கிலீஷில் ஆபீஸ் மெயில் மட்டும்தான் வரும், கடைசியில் 'காண்டாக்ட் மீ ஃபார் எனி இஷ்யூஸ்' என்று முடித்துத் தொலைப்பேன்.

பொய் எங்கே ஆரம்பித்தது என்று சொல்கிறேன். பிஸ்கட்டவேயில் மருந்துக் கம்பெனி வேலையை நீ விட்ட பிறகு, சர்ச்சில் மாதாந்திரத் தமிழ்ப் பூசை முடிந்து காபி குடிக்கிற இடத்துக்குப் போகவே எனக்குப் பயமாக இருந்தது. "பையன் இப்ப எங்க இருக்கான்?" என்று யாராவது கேட்டுவிடுவார்கள். ஒரு நாள் செல்வம் கேட்டே விட்டார். "ஜெர்சி சிட்டியில ஒரு டிராமா கம்பெனியில நடிக்கான்" என்றேன். "அட, ஹீரோவா?" என்றார். ஒரு விநாடிகூட யோசிக்காமல், "பின்ன, லீட் ரோல்தான்" என்று சொல்லிவிட்டேன். நீ என்னிடம் சொல்லியிருந்தாய், "இட்ஸ் எ ஸ்மால் பார்ட், அப்பா" என்று. அதை நான் உன் அடக்கம் என்று எடுத்துக்கொண்டேன். உண்மையில் அப்படி எடுத்துக்கொள்ள எனக்கு வசதியாக இருந்தது, அவ்வளவுதான். அன்று சாயங்காலமே வாட்ஸ்அப் குரூப்பில் போட்டு, நாடகத்தின் முதல் வாரத்திலேயே ஏழு வண்டியில் முப்பத்தைந்து பேர் கிளம்பிவிட்டோம். உனக்கு சர்ப்ரைஸாக இருக்கட்டும் என்று சொல்லவில்லை. உன் அம்மா வழிக்குப் புளியோதரை கட்டிக்கொண்டாள். ஒரு நாடகத்துக்கு இல்லை, பொண்ணு பார்க்கப் போகிற கோலத்தில் நாங்கள் அந்த மாடித் தியேட்டரில் நாலு வரிசையை அடைத்துக்கொண்டு உட்கார்ந்தோம்.

நாடகம் ஆரம்பித்து நாற்பது நிமிஷம் ஆயிற்று, உன்னைக் காணோம். இத்தாலியில் ஏதோ ஒரு ஊரில் ஒரு வீடு. அந்த வீட்டைக் கிழவரான அப்பாவிடம் எழுதி வாங்கி விற்பதற்கு மூன்று பிள்ளைகள் சண்டை போடுகிறார்கள். கிழவர் நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார், ஒரு வார்த்தை பேசவில்லை. "ஹீரோ இன்டர்வெல் கிட்டத்தான் வருவான், சும்மா இருங்க" என்று பின்வரிசையில் செல்வம் மற்றவர்களைச் சமாதானப்படுத்திக்கொண்டிருந்தார். மேடையில் கடைசியாகக் கிழவர் பேனாவை எடுத்தார். கையெழுத்துப் போடப் போகிறார். தியேட்டரில் மூச்சுச் சத்தம்கூட இல்லை. அப்போதுதான் கதவு திறந்தது. பழுப்பு நிற ஏப்ரனைக் கட்டிக்கொண்டு, ட்ரேயில் காபிக் கோப்பைகளோடு நீ வந்தாய். நான் விசில் அடித்தேன். அடுத்தது செல்வம். அப்புறம் கேட்க வேண்டுமா? முப்பத்தைந்து பேரும் கைதட்டி, "தலைவா!" என்று கத்தி, யாரோ ஒருவர் நிகழ்ச்சித் தாளையே கிழித்து மேலே தூவி, முதல் நாள் முதல் காட்சி ஆக்கிவிட்டோம். முன்வரிசையில் இருந்த வெள்ளைக்கார அம்மாக்கள் ஏதோ தீ விபத்து என்று நினைத்து எழுந்து நின்றார்கள்.

தம்பி, அதற்கு அப்புறம் நடந்ததை நான் இன்றைக்கும் நம்ப முடியாமல்தான் நினைத்துப் பார்க்கிறேன். அந்தக் கிழவர் எங்களை முறைக்கவில்லை. நாடகத்தை நிறுத்தவும் இல்லை, காது கேட்காதவர் போல் மேலே ஓட்டவும் இல்லை. பேனாவை மெதுவாக வைத்தார். தலையைத் திருப்பி மேடையின் ஓரத்தில் இருந்த ஜன்னலைப் பார்த்தார். கதவுகூட இல்லாத, நாலு மரச்சட்டம் அடித்த ஜன்னல் அது. எங்கள் சத்தத்தை அந்த ஜன்னல் வழியாகக் கேட்டார். கேட்கக் கேட்க அவர் முகத்தில் ஒரு சிரிப்பு வந்தது, கீழே தெருவில் ஏதோ ஊர்வலம் போகிற மாதிரி. நாங்கள் எட்டிப் பார்க்கிறவர்களாக இருந்தது போய், அவர் எட்டிப் பார்க்கிற தெருவாக ஆகிப்போனோம். பிறகு உன்னைப் பார்த்து, "யார் வீட்டுக் கல்யாணம்?" என்று கேட்டார். இது நாடகத்தில் இல்லாத வசனம் என்று எனக்கே தெரிந்தது, ஏனென்றால் மேடையில் இருந்த மற்ற மூன்று பேருக்கும் முகம் வெளுத்துவிட்டது. நீ ட்ரேயைப் பிடித்துக்கொண்டு நின்றாய். "நோபடி வி நோ, சார்" என்றாய். நமக்குத் தெரிந்தவர்கள் யாரும் இல்லை, ஐயா. அவர் தலையை ஆட்டி, "அப்படியானால் ஜன்னலைச் சாத்து, காபி ஆறுகிறது" என்றார். நீ ட்ரேயை வைத்துவிட்டுப் போய், இல்லாத கதவை இழுத்து, இல்லாத கொக்கியைப் போட்டாய். சத்தியமாகச் சொல்கிறேன், நீ சாத்தியதால்தான் நாங்கள் வாயை மூடினோம். மற்ற ஜனங்கள் சிரித்துக் கைதட்டினார்கள், நாடகம் ஒன்றுமே நடக்காதது போல் மேலே போயிற்று.

அதைப் பார்த்து அப்போதே வாயைப் பிளந்திருக்க வேண்டியவன் நான். ஆனால் என் காதில் உன் ஒரு வார்த்தை மட்டும்தான் நின்றது. முப்பத்தைந்து பேருக்கு முன்னால் பெத்த அப்பனைத் தெரியாது என்று சொல்லிவிட்டான் என்று எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. நாடகம் முடிந்து நீ வெளியே வந்ததும் எல்லாரும் நிற்கிற இடத்திலேயே கேட்டேன், "ஏல, என்னைய உனக்குத் தெரியாதா? ஒரு காபித் தட்டு தூக்கவா நல்ல வேலைய விட்ட?" என்று. உன் அம்மா என் சட்டையைப் பிடித்து இழுத்தாள். நீ குரலை உயர்த்தவே இல்லை. "யூ மேட் நாய்ஸ், அப்பா. ஹீ மேட் இட் எ வெட்டிங்" என்று சொல்லிவிட்டு, ஏப்ரனைக் கழற்றாமலேயே உள்ளே திரும்பிப் போய்விட்டாய். ஏழு வண்டியும் திரும்பி வந்தது. எங்கள் வண்டியில் புளியோதரையைப் பிரிக்கவே இல்லை.

பாலம் ஏறுகிறபோதுதான் உன் அம்மா திடீரென்று, "என்னங்க, அந்த மனுசர நான் பாத்திருக்கேன்" என்றாள். "எந்த மனுசன்?" என்று எரிந்து விழுந்தேன். "அந்த நாற்காலிக் கிழவர்தான். ஒரு படத்துல சர்ச் சாமியாரா வருவாரு. சாகக் கிடக்குற பொம்பளைக்கு எண்ணெய் தொட்டு அவஸ்தை பூசிட்டு, எழுந்து போகும்போது கட்டிலுக்குக் கீழ கிடக்குற அவ செருப்ப எடுத்து நேரா வைப்பாருங்க. காலைல எழுந்து போட்டுக்கிட்டு நடப்பாங்குற மாதிரி. படம் என்ன படம்னே மறந்துபோச்சு, அந்தச் செருப்ப மட்டும் மறக்க முடியல" என்றாள். எனக்கு அவள் பேச்சில் அக்கறை இல்லை. ஆனால் மறுநாள் அவளே நிகழ்ச்சித் தாளில் பெயரைப் பார்த்து, ஒரேஸ்தே என்ற அந்த மனிதர் நடித்த படங்களாகத் தேடிப் பிடித்து டிவியில் போட ஆரம்பித்தாள். கோபத்தில் ஒரு ஓரமாகத்தான் உட்கார்ந்தேன். இரண்டு மணி நேரப் படத்தில் அவர் நாற்பது விநாடி வருவார். போலீஸ்காரர், பார்பர், வக்கீல், டிரைவர், காரைத் திருட்டுக் கொடுத்தவர், பிணம்கூட. "அதோ!" என்று உன் அம்மா கத்துவாள், ரிமோட்டை அமுக்கி நிறுத்துவாள், பின்னால் ஓட்டி மறுபடியும் பார்ப்போம். ஒரு வாரத்தில் நானும் "அதோ!" என்று கத்த ஆரம்பித்திருந்தேன்.

ஒரு படத்தை மட்டும் நானே ரிமோட்டை வாங்கி மறுபடி மறுபடி ஓட்டிப் பார்த்தேன். ஒரு ஹோட்டலில் கதாநாயகன் மேஜையில் தலையைக் கவிழ்த்து அழுகிறான். ஒரேஸ்தே அங்கே சர்வர். வந்து மேஜையைத் துடைக்கிறார். துடைத்த இடத்தையே மறுபடியும் துடைக்கிறார், இன்னொரு தடவையும் துடைக்கிறார். என்ன ஆயிற்று என்று கேட்க அவருக்கு உரிமை இல்லை, விட்டுவிட்டுப் போகவும் மனசு வரவில்லை. அவ்வளவுதான், வசனம் கிடையாது. அந்தக் கதாநாயகன் முகம் எனக்கு ஞாபகம் இல்லை. துடைக்கிற கைதான் ஞாபகம் இருக்கிறது. அந்தக் கையைப் பார்த்ததும் எனக்கு உன் ஞாபகம் வந்தது. உனக்குப் பதினாலு வயசு இருக்கும், தேங்க்ஸ்கிவிங் லீவில் வீடு நிறைய விருந்தாளிகள். எல்லாரையும் போலச் செய்து காட்டிக்கொண்டிருந்தாய். "எங்க, உங்கப்பா மாதிரி செய்யி" என்று யாரோ சொன்னார்கள். நான் கத்துவதைத்தான் செய்யப் போகிறாய் என்று எல்லாரும் காத்திருந்தோம். நீ காதில் ஹெட்செட் மாட்டுகிற மாதிரி மாட்டிக்கொண்டு உட்கார்ந்தாய். அந்தப் பக்கத்தில் யாரோ என்னமோ சொல்கிறார்கள். மியூட்டை எடுத்து, "ஷ்யூர், நோ ப்ராப்ளம்" என்றாய். மறுபடியும் மியூட் போட்டாய். பிறகு சுவரைப் பார்த்துக்கொண்டே கீபோர்டின் இடுக்கில் இருந்த பிஸ்கட் தூளை ஒவ்வொன்றாகப் பொறுக்கினாய். யாரும் சிரிக்கவில்லை. நான்தான், "வாய்க்கொழுப்பு! போய்ப் படிக்கிற வேலயப் பாரு" என்று எல்லார் முன்னாலும் கத்தினேன். அந்த வருஷம் பேங்கில் என் வேலையைக் கொஞ்சம் கொஞ்சமாகப் பிடுங்கி வேறு ஆளுக்குக் கொடுத்துக்கொண்டிருந்தார்கள். வீட்டில் யாருக்கும் தெரியாது, கதவைச் சாத்திக்கொண்டுதான் பேசுகிறேன் என்று நினைத்திருந்தேன். நீ பார்த்திருக்கிறாய். அதற்குத்தான் அந்தக் கோபம். இத்தனை வருஷம் கழித்து அதற்கும் சேர்த்து மன்னிப்புக் கேட்கிறேன்.

மூன்றாவது வாரம் டிக்கெட் கவுண்டரில் இருந்த அம்மாவிடம் கெஞ்சி, ஒரேஸ்தேயின் மகள் நம்பரை வாங்கி, அவர்கள் வீட்டுக்குப் போனேன். உன்னிடம் சொல்லக் கூடாது என்று அவரிடம் வாக்கு வாங்கிக்கொண்டேன், காப்பாற்றியிருக்கிறார் பார். பெரிய மனிதரைப் பார்க்க வெறுங்கையோடு எப்படிப் போவது? நான் சங்கச் செயலாளராக இருந்தபோது மிஞ்சிய பொன்னாடைகள் ஒரு பெட்டி நிறைய கராஜில் கிடக்கின்றனவே, அதில் நல்லதாக ஒன்றை எடுத்துக்கொண்டு, மைசூர்பாகும் வாங்கிக்கொண்டு போனேன். அடுக்களையில் தக்காளி நறுக்கிக்கொண்டிருந்தவருக்கு அப்படியே நின்ற வாக்கில் போர்த்திவிட்டேன். எண்பத்தொரு வயசு, மேடையில் பார்த்ததைவிட ரொம்பச் சின்ன உருவம். என்ன ஏது என்று கேட்கவில்லை. அந்தச் சால்வையை இழுத்து ஒரு தோளில் போட்டார், சட்டென்று ராஜா மாதிரி நின்றார். நாற்காலியில் உட்கார்ந்து முன்னால் சேர்த்துப் பிடித்தார், குளிரில் காய்கறி விற்கிற கிழவியாகிவிட்டார். நடித்துக் காட்டுகிறேன் பார் என்ற பாவனை துளியும் இல்லை. உடம்பில் ஒரு துணி பட்டால் அவரால் சும்மா இருக்க முடியவில்லை, அவ்வளவுதான். அவருடைய மகள், "அப்பா, ஷர்ட்டில் தக்காளி" என்று அதட்டினாள். நான் வாயைத் திறந்துகொண்டு உட்கார்ந்திருந்தேன்.

மன்னிப்புக் கேட்கத்தான் போனேன். "அந்தக் கூட்டத்தைக் கூட்டி வந்தவன் நான்தான்" என்றேன். "முதலில் ஒரு விசில் வந்ததே, அது யார்?" என்று கேட்டார். தம்பி, உன் அம்மாவிடம்கூடச் சொல்லாததை அந்த மனிதரிடம் சொல்லிவிட்டேன். "இங்கே அடியுங்கள் பார்க்கலாம்" என்றார். அடுக்களையில் நின்று அடித்தேன். மேல்மாடியில் நாய் குரைத்தது, மகள் ஓடி வந்து கத்தினாள், அவருக்குக் கண்ணில் தண்ணீர் வரச் சிரிப்பு. அவர் ஊரில் எல்லாம் அப்படித்தானாம். பதினேழு வயசில் முதல் முதலாக மேடை ஏறியபோது, ஒரு கடிதத்தைக் கொண்டுவந்து கொடுத்துவிட்டுப் போகிற வேஷம். மேல் வரிசையில் இருந்து அவர் அம்மா எழுந்து நின்று, சட்டைப் பொத்தானைப் போடச் சொல்லிக் கத்தினாளாம். அவர் கடிதத்தைக் கொடுத்துவிட்டு, எஜமானுக்கு வணக்கம் சொல்கிற சாக்கில் பொத்தானைப் போட்டுக்கொண்டு போனாராம். "இங்கே ஜனங்கள் பல் டாக்டரிடம் வந்த மாதிரி உட்கார்ந்திருக்கிறார்கள். நீங்கள் வந்த அன்றைக்குத்தான் எனக்கு ஊர் ஞாபகம் வந்தது" என்றார். அதற்குப் பிறகு பதினோரு வருஷம் வேனில் ஊர் ஊராகப் போய், கடிதம் கொண்டுவருகிறவனாகவே நடித்தாராம். சினிமாவுக்கு வந்த பிறகு பல படங்களில் குரல்கூட அவருடையது இல்லை, வேறு யாரோ பேசினார்கள். ஒரு படத்தில் வெட்டியது போக அவருடைய கை மட்டும் மிஞ்சியதாம். அதை ஏதோ மெடல் வாங்கிய மாதிரிச் சொல்கிறார். "உங்களுக்குக் கதாநாயகனாக ஆசை இல்லையா?" என்று கேட்டுவிட்டேன், என் புத்தி அப்படித்தானே போகும். அவர் யோசித்துப் பார்த்து, "கதாநாயகன் படம் முழுக்க ஒரே ஆளாக இருக்க வேண்டும், எனக்கு அவ்வளவு பொறுமை கிடையாது" என்றார்.

கிளம்பும்போதுதான் அந்த வார்த்தையைப் பற்றிக் கேட்டேன். நோபடி வி நோ. அவர் மைசூர்பாகைக் கடித்துக்கொண்டே சொன்னார். இந்த அறுபது வருஷத்தில் அவர் இப்படி நாடகத்தில் இல்லாத வசனத்தை எத்தனையோ பேரிடம் தூக்கிப் போட்டிருக்கிறாராம், பெரிய பெரிய நடிகர்கள்கூடத் தவறவிட்டிருக்கிறார்களாம். உன் கையில் ட்ரே இருந்தது, எதிரே அப்பா விசில் அடிக்கிறார், அப்படியும் பிடித்துவிட்டாய் என்றார். "அவன் வேறு எதைச் சொல்லியிருந்தாலும் தியேட்டரில் எல்லாரும் உங்களைத்தான் திரும்பிப் பார்த்திருப்பார்கள். யாரும் பார்க்கவில்லையே, கவனித்தீர்களா?" என்று கேட்டார். நான் கவனித்திருக்கவில்லை, தம்பி. என்னை நீ கைவிட்டாய் என்று மூன்று வாரமாகக் கருவிக்கொண்டிருந்தேன். எங்கள் முப்பத்தைந்து பேரையும் நீ ஜன்னலுக்கு வெளியே பத்திரமாக நிறுத்திக் கதவைச் சாத்தியிருக்கிறாய். திரும்புகிற வழியில் ரூட் ஒன் ஹைவேயில் ஒரு பெட்ரோல் பங்கில் வண்டியை நிறுத்தி அழுதேன். அப்போதே உனக்கு ஃபோன் போட்டிருக்கலாம். போடவில்லை. ரோஷம். அப்பன் முதலில் இறங்கிப் போவதா என்ற வறட்டு ரோஷம். ஒரு நாளா இரண்டு நாளா, எட்டு மாதம் ஓடிவிட்டது.

இப்போது ஒரேஸ்தே இத்தாலியில் இருக்கிற தன் பழைய ஊருக்குத் திரும்பிப் போய் ஒரு கம்பெனியோடு நாடகம் போடுகிறார், கூட உன்னையும் அழைத்துப் போகிறார். உன் அம்மாதான் சொன்னாள், அங்கே உனக்கு வசனமே இல்லாத வேஷமாம், இத்தாலியன் தெரியாததால். போன ஞாயிறு பூசை முடிந்து செல்வம் மறுபடியும் கேட்டார், "அங்கயாவது ஹீரோவா?" என்று. "இல்ல செல்வம், வாயே திறக்காத வேஷம்" என்றேன். சொல்லும்போது எனக்கு எவ்வளவு பெருமையாக இருந்தது தெரியுமா? அவருக்கு ஒன்றும் புரியவில்லை, "ஓ, குட் குட்" என்று சொல்லிவிட்டு வடையை எடுத்துக்கொண்டு போனார். நீ விமானம் இறங்கியதும் அவருக்கு ஒரு ஃபோன் போடு, அந்தப் பாவத்தை என் தலையில் இருந்து இறக்கிவிடு. அறிவுரை ஒன்றும் இல்லாமல் முடித்தால் இதை நான் எழுதவே இல்லை என்று உன் அம்மா சொல்வாள், அதனால் இதையும் கேட்டுக்கொள். பாஸ்போர்ட்டை எல்லாப் பக்கமும் ஃபோட்டோ எடுத்து அம்மாவுக்கு அனுப்பு. மெடிக்கல் இன்சூரன்ஸ் இல்லாமல் ஒரு நாள்கூட இருக்காதே. அந்தக் கிழவருக்கு முழங்கால் சரியில்லை, படியேறும்போது பக்கத்தில் நட, ஆனால் கையைப் பிடிக்காதே, அவருக்குக் கோபம் வரும். யாராவது உன் வேஷம் என்ன என்று கேட்டால் உள்ளதை உள்ளபடி சொல். உன் அப்பனைப் போல ஊதிப் பெருக்காதே, அதற்கு அவசியமே இல்லை.

இன்னும் ஒன்று பாக்கி இருக்கிறது. ஒரேஸ்தே வீட்டுக்குப் போய் வந்த பிறகு, நாடகம் ஓடிய மிச்ச வாரங்களில் ஒவ்வொரு ஞாயிறு மதியமும் நான் தனியாக வந்தேன். உன் அம்மாவிடம் லைப்ரரிக்குப் போகிறேன் என்று சொல்லிவிட்டு, எடிசனில் ரயில் ஏறி, நுவார்க்கில் மாறி வந்து, கடைசி வரிசையில் தூண் மறைவில் உட்கார்ந்தேன். சத்தியமாக அந்தக் கிழவரைப் பார்க்கத்தான் வந்தேன். முதல் இரண்டு தடவை நீ வரும்போதெல்லாம் எனக்கு நெஞ்சு படபடத்தது, தட்டிவிடாமல் இருக்க வேண்டுமே, மறந்துவிடாமல் இருக்க வேண்டுமே என்று. கடைசி நாள் ஆட்டம். வேலைக்காரன் கதவைத் திறந்துகொண்டு வந்தான். காபியை வைத்தான். பிள்ளைகள் மூன்று பேரும் அவரவர் கோப்பையை எடுத்துக்கொண்டு திரும்பிக்கொண்டார்கள், கிழவரின் கோப்பையை யாரும் எடுத்துக் கொடுக்கவில்லை. வேலைக்காரன் அதைப் பார்த்தான். கோப்பையின் காதை மட்டும் கிழவரின் கை இருக்கிற பக்கம் மெதுவாகத் திருப்பி வைத்தான். பிறகு கதவோரம் போய் நின்று, அவர் ஒரு வாய் குடிக்கிற வரைக்கும் காத்திருந்துவிட்டுப் போனான். இந்த வீட்டில் இத்தனை வருஷம் வேலை செய்கிறவன், இவனுக்குத்தான் கிழவரைத் தெரியும், இவனை ஏன் யாரும் ஒன்றும் கேட்கவில்லை என்று எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. யாருப்பா இந்த ஆள், எங்கே பிடித்தார்கள் இவனை என்று கை தானாக மடியில் இருந்த நிகழ்ச்சித் தாளைப் பிரித்தது. மேடை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து, விரலை வைத்து வரி வரியாக இறங்கினேன். வேலைக்காரன் என்று போட்டிருந்தது. அதற்கு நேராக உன் பெயர் இருந்தது. உன் பெயரை ஒட்டி, கடைசிப் பெயராக, என் பெயர்.